பத்து நிலைக்கும் மஞ்சள்

வாங்க அண்ணாச்சி, வாங்க. செருப்பு அங்கிட்டே கிடக்கட்டும், எவனும் தூக்கிட்டுப் போக மாட்டான். ஃபேனுக்கு நேரா உக்காருங்க. செண்பகம் மார்க்கெட்டுக்குப் போயிருக்கா. எம் பொண்டாட்டி இல்லாத நேரமாப் பாத்துத்தான் உங்களை வரச் சொன்னேன், தப்பா நினைக்காதீங்க. அவ இருந்தா இதையெல்லாம் வாயைத் திறந்து பேச முடியாது.

போன்ல கேட்டீங்கள்ல, கோவில்பட்டிச் சம்பந்தம் ஏன் தட்டிப் போச்சுன்னு? ஜாதகம் பொருந்தியிருக்கு, பொண்ணுக்குப் பையனைப் பிடிச்சிருக்கு, பையனுக்குப் பொண்ணைப் பிடிச்சிருக்கு, அப்புறம் என்ன வந்துச்சு கேடுன்னு? கேக்க வேண்டியதுதான். நாயா அலைஞ்சு கொண்டாந்த இடம், தரகருக்குக் கோவம் வரத்தான் செய்யும். சொல்றேன். ஆனா குறுக்க பேசாமக் கேக்கணும். யாராவது குறுக்க பேசினா எனக்கு எங்க விட்டேன்னு மறந்து போகும், அப்புறம் ஆதியில இருந்து ஆரம்பிப்பேன், பொழுது சாஞ்சிரும்.

நான் மில்லுல ஸ்டோர் கீப்பரா இருந்தவன். உங்களுக்குத் தெரியும். ஒரு பேரிங் குறைஞ்சாலும் பூமிநாதன் ஆளை விடமாட்டான்னு ஃபிட்டருக எல்லாம் பயந்து கிடப்பாங்க. கணக்குல எங்கிட்ட ஒருத்தன் வாலாட்ட முடியாது. இதை முதல்லயே சொல்லிடறேன், ஏன்னா நான் சொல்லப்போறதைக் கேட்டுட்டு இந்த ஆளு கணக்குத் தெரியாத மண்ணாங்கட்டின்னு நினைச்சுடக் கூடாது.

கோவில்பட்டிக்காரரு வந்தது போன மாசம். அவரும் அவரு வீட்டம்மாவும். மாப்பிள்ளை வீடு பாக்க வர்றது நம்ம பக்கம் வழக்கம்தானே. தாலுகா ஆபீஸ்ல இருந்து ரிட்டயர்டு ஆன மனுசன், ராமலிங்கம். நீங்க உக்காந்திருக்கீங்கள்ல, அதே சேர்லதான் உக்காந்தாரு. பொம்பளைங்க ரெண்டு பேரும் மாடி பாக்கப் போயிட்டாங்க. எம் பய நவநீதன் பழம் வாங்கப் போயிட்டான். நானும் அவரும்தான். சும்மா இருந்த மனுசன், சுவத்தை ஒரு பார்வை பாத்துட்டு, "சொந்த வீடுதானே?"ன்னாரு.

அம்புட்டுதான் கேட்டாரு. ஆமான்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு நான் வாயை மூடியிருக்கணும். ஆனா அண்ணாச்சி, எனக்குப் பொய் வராது. சம்பந்தம் பேசற இடத்துல மறைச்சா அது காலத்துக்கும் நிக்காது. அதனால கொஞ்சம் விளக்கமாச் சொன்னேன். வினையே அதுதான்.

என்ன விளக்கம்னா, இதைக் கட்டினது பேங்கு லோன்ல. வாடகை வீட்டுல அப்ப இருந்தோம். சாமி படம் மாட்ட ஒரு ஆணி அடிச்சதுக்கு அந்த வீட்டுக்காரன் தெருவுல நின்னு கத்தினான். செண்பகம் அன்னைக்கு முழுக்கச் சாப்பிடலை. சொந்தமா ஒரு சுவரு வேணும், அதுல நான் ஆணி அடிக்கணும்னா. மேற்கொண்டு யோசிக்கலை, லோன் போட்டுட்டேன். எட்டு லட்சம். இருபது வருஷம். மாசம் ஆறாயிரத்து எழுநூறு. வட்டி மாறும்னாங்க, கூடும் குறையும்னாங்க. கூடினா கூடட்டும், குறைஞ்சா லாபம்னு கையெழுத்தைப் போட்டேன்.

இப்ப ஒரு விஷயம் சொல்றேன், சிரிக்கக் கூடாது. பின்னால கட்டின மாடியை விட்டுட்டு, கீழ நிலைக்கதவு எத்தனைன்னு எண்ணிப் பாருங்க. வேண்டாம், உக்காருங்க, நானே சொல்றேன். தலைவாசலோட சேத்துப் பத்து. இருபது வருஷக் கடன், பத்து நிலை. அப்ப ரெண்டு வருஷத்துக்கு ஒரு நிலை நமக்குச் சொந்தமாகுதுன்னு கணக்குப் போட்டா செண்பகம். நல்ல கணக்குத்தானே? எனக்கே தோணாதது அவளுக்குத் தோணுச்சு. ரெண்டு வருஷம் முடிஞ்சதும், தைப் பொங்கலுக்கு மறுநாள், ஒரு நிலைக்கு மஞ்சள் பூசிக் குங்குமம் வச்சு, தேங்காய் உடைச்சுச் சூடம் காட்டுவா. "இது பேங்குக்காரன்கிட்ட இருந்து வந்திருச்சு"ம்பா. முதல்ல கக்கூஸ் நிலை. சிரிக்காதீங்கன்னு சொன்னேன்ல! சின்னதுல இருந்து ஆரம்பிக்கணும்னா. அப்புறம் குளிக்கற ரூம்பு. அப்புறம் அடுப்படி. அடுப்படிக்கு மஞ்சள் வச்ச அன்னைக்கு அவ முகத்தைப் பாக்கணுமே, மகாராணி கெட்டாள். இனிமே என் அடுப்புல ஒருத்தனுக்கும் பங்கில்லைன்னு சொல்லிச் சொல்லிப் பாயசம் வச்சா. நவநீதன் அப்ப சின்னப் பய. "இந்த ரூம்பு எப்பம்மா வரும்?"னு அவன் படுக்கிற அறையைக் காட்டிக் கேப்பான்.

இப்படியே ஏழு நிலை வந்துச்சு. பதினஞ்சாவது வருஷம் நான் ரிட்டயர்டு. நடுவுல வட்டி ஏறுச்சு. ஊரே குய்யோ முறையோன்னுச்சு. என் தவணை மட்டும் ஒரு ரூவா ஏறலை. அதே ஆறாயிரத்து எழுநூறு. மில்லுல நான் எம்புட்டுப் பெருமையாச் சொல்லியிருப்பேன் தெரியுமா? எவன் எவனுக்கோ ஏறுது, பூமிநாதனுக்கு ஏறலை, ஏன்னா மனுசன் நாணயம் அப்படி, பேங்குக்காரனுக்கே தெரியும்னு. பேங்குல இருந்து கடுதாசி வரும். வட்டி மாறியிருக்குன்னு இங்கிலீஷ்ல போட்டிருக்கும். தவணைதான் மாறலையே, பிறகு எதுக்கு அதைப் படிச்சு மண்டையை உடைக்கணும்? கரண்டு பில்லு குத்துற கம்பியில அதையும் குத்தி வச்சிருவேன்.

ரிட்டயர்டு ஆன கையோட பேங்குக்குப் போனேன். அஞ்சு வருஷம் பாக்கி, கணக்கை ஒரு தடவை சரி பாத்துக்குவோம்னு. லோன் செக்‌ஷன்ல ஒரு பொண்ணு இருந்துச்சு. மரியாதையான பொண்ணு, எந்திரிச்சு நின்னு வணக்கம் சொல்லுச்சு. கம்ப்யூட்டரைப் பாத்துட்டு, "இன்னும் பதினஞ்சு வருஷம் இருக்கு சார்"னுச்சு.

நான் சிரிச்சேன். "தாயி, பதினஞ்சு கட்டியாச்சு. அஞ்சுதான் பாக்கி. நீ மாத்திப் பாக்கறே"ன்னேன்.

அது மறுபடி பாத்துச்சு. மாத்திப் பாக்கலையாம். வட்டி ஏறும்போதெல்லாம் தவணையை ஏத்தலையாம், அதுக்குப் பதிலாக் காலத்தை நீட்டிட்டாங்களாம். நீட்டினது எனக்குத் தெரியாம இல்லையாம், கடுதாசி போட்டிருக்காங்களாம். போட்டிருக்காங்கதான், கம்பியில இருக்கு.

சரி, அசலு எம்புட்டு நிக்குதுன்னு கேட்டேன். ஆறே கால் லட்சம்னுச்சு.

அண்ணாச்சி, நான் பதினஞ்சு வருஷத்துல பன்னெண்டு லட்சம் கட்டியிருக்கேன். வாங்கினது எட்டு. பன்னெண்டைக் கட்டினவனுக்கு இன்னும் ஆறே கால் இருக்குன்னா எந்த ஊர் நியாயம் இது? நான் சத்தம் போட்டேன். ஸ்டோர்ல இருபது பெட்டி, பதினஞ்சை எடுத்தா மிச்சம் அஞ்சு, ஒண்ணாங்கிளாஸ் புள்ளைக்குத் தெரியும்னேன். அந்தப் பொண்ணு பொறுமையாச் சொல்லுச்சு: "சார், பெட்டி பதினஞ்சு போயிருக்கு. ஆனா ஆரம்பத்துல போற பெட்டியில எல்லாம் முக்கால்வாசிக்கு மேல வட்டிதான் சார் இருக்கும். அசல் ஓரமா ஒரு கைப்பிடி இருக்கும்." அப்புறம் வட்டி ஏறினப்போ அந்தக் கைப்பிடியும் போச்சாம். மாசம் ஆறாயிரத்து எழுநூறு கட்டினா அதுல ஆறாயிரத்துச் சொச்சம் வட்டிக்கே போகுமாம். அசலுக்குப் போனது யானைப் பசிக்குச் சோளப்பொரி.

வெளியே வந்து பேங்கு வாசல் படியிலேயே உக்காந்துட்டேன். எட்டுல ஆறே கால் நிக்குதுன்னா எத்தனை நிலை வந்திருக்குன்னு மனசுக்குள்ள ஓட்டிப் பாத்தேன். ரெண்டு வந்திருக்கு அண்ணாச்சி. கக்கூஸும் குளிக்கற ரூம்பும். அடுப்படி எங்களுது இல்லை. அவ பாயசம் வச்ச அடுப்படி எங்களுது இல்லை. வீட்டுக்கு எப்படிப் போய்ச் சொல்றது? நீங்களே சொல்லுங்க. பொம்பளை ஏழு நிலைக்கு மஞ்சள் வச்சுக் கும்புட்டுக்கிட்டு இருக்கா. அஞ்சை அழிச்சிருன்னு சொல்லவா முடியும்? வச்ச மஞ்சளை அழிக்கறது அபசகுனம் வேற.

சொல்லலை. இன்னைக்கு வரைக்கும் சொல்லலை.

மில்லுல இருந்து ரிட்டயர்டு பணம் ஆறு லட்சத்துச் சொச்சம் வந்துச்சு. செண்பகத்தோட தம்பி, கூட்டுறவுச் சங்கத்துல செக்ரெட்டரி, அவனுக்கு மட்டும் விஷயம் தெரியும். ஓடி வந்தான். "மச்சான், இதைத் தூக்கிக் கடன்ல போடுங்க, இன்னையோட தலைமுழுகுங்க"ன்னு காலைப் பிடிக்காத குறை. எனக்குப் பிடிக்கலை. ஏன்னா ஒண்ணு, கையில இருக்கிற காசை எல்லாம் பேங்குல கொட்டிட்டு ஒரு ஆம்பளை வெறுங்கையோட உக்காந்திருந்தா எவன் மதிப்பான்? ரெண்டு, வீட்டு லோன் இருந்தா வருமான வரியில சலுகை உண்டு. மில்லு ஆடிட்டரே சொல்லியிருக்காரு, வீட்டுக் கடனை எவனும் முந்திக் கட்டக் கூடாதுன்னு. நான் வரி கட்டற அளவுக்குச் சம்பளம் வாங்கலை, அது வேற விஷயம். சலுகை சலுகைதானே?

எல்லாத்துக்கும் மேல, பையனுக்குக் கல்யாணம்னு வந்தா மாடி வேணும். கீழ ஒரே ஒரு படுக்கை அறை. வர்ற மருமகளை எங்க படுக்க வைக்கிறது? இந்தக் காலத்துப் பொண்ணுங்க அறைக்குள்ளேயே குளியலறை கேக்குது. மாடி இல்லாத வீட்டுக்கு எவன் பொண்ணு தருவான்? அதனால ஆறு லட்சத்தை மாடியில போட்டேன். பத்தலை. இன்னும் அஞ்சு வேணும். பேங்குலயே கேட்டேன். இருக்கிற கடனோட சேத்துத் தர்றோம்னாங்க. ஆனா எனக்கு வயசாயிருச்சு, எழுபதைத் தாண்டிக் காலம் போகக் கூடாதாம். சம்பளம் வாங்கற வாரிசு யாராவது கூடச் சேந்து கையெழுத்துப் போட்டா, அவங்க வயசுக்குக் காலம் குடுப்பாங்களாம். வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்னு ரெண்டையும் தனித்தனியா வச்சாங்க பெரியவங்க. ரெண்டையும் ஒரே கயித்துல கட்டினவன் நான்தான். என் மச்சான் அன்னைக்குப் போனவன், இன்னும் இந்த வாசல்ல கால் வைக்கலை. பொறாமை பிடிச்சவன்.

நவநீதனுக்கு அப்ப இருபத்தி நாலு. ஆஸ்பத்திரியில கட்டுப் போடற துணி தயார் பண்ற கம்பெனியில கணக்கு எழுதப் போய் ஒரு வருஷம்தான் ஆச்சு. பேங்குக்குக் கூட்டிட்டுப் போனேன். "வீடு உன் பேர்லயும் வரப் போகுதுடா, ராசா"ன்னேன். சந்தோஷமாத்தான் வந்தான். அந்தப் பொண்ணுதான், லோன் செக்‌ஷன் பொண்ணு, அவன்கிட்ட எல்லாத்தையும் எடுத்துச் சொல்லுச்சு. பதினோரு லட்சத்துச் சொச்சம், இருபத்தஞ்சு வருஷம், மாசம் பத்தாயிரம்னு. கேட்டுட்டு அவன் என்னைத் திரும்பிப் பாத்தான். "அப்பா, முடியறப்போ எனக்கு நாப்பத்தொம்பது வயசாகும்ப்பா"ன்னான்.

"அதுவரைக்கும் வீடு எங்கயும் ஓடிப் போயிராதுடா"ன்னேன். சரியாத்தானே சொன்னேன்? வீடு எங்க போகும்?

போட்டுட்டான். ஒரு வார்த்தை எதித்துப் பேசலை. நல்ல புள்ளை அண்ணாச்சி அவன், அதை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இருபத்திரண்டாயிரம் சம்பளத்துல பத்தாயிரம் மாசம் பொறந்ததும் பேங்குக்காரன் எடுத்துக்குவான். திருப்பூர்ல கூட்டாளி ஒருத்தனோட சேந்து ரெண்டு மிஷின் போடலாம்னு ஒரு தடவை ஆசைப்பட்டான். பேங்குல ஏற்கனவே உன் பேர்ல கடன் நிக்குது, அதுக்கு மேல தர முடியாதுன்னுட்டாங்க. கூட்டாளி தனியாப் போட்டு, இப்பக் கார்ல வர்றான். வருத்தமெல்லாம் நவநீதனுக்குக் கிடையாது. சாப்பிடறான், வேலைக்குப் போறான், வர்றான், மொட்டை மாடியில போய் நிக்கறான்.

செண்பகத்துக்குத்தான் அவன் மேல கோவம். மாடி முழுக்க ரிட்டயர்டு பணத்துலயே கட்டினதுன்னு அவ நினைச்சுக்கிட்டு இருக்கா. மகன் சம்பளம் எங்க போகுதுன்னு அவளுக்குப் புரியலை. "எம் புள்ளை மாதிரிக் கஞ்சப்பயலை ஊருலகத்துல பாத்ததில்லை. தீபாவளிக்கு ஆத்தாளுக்கு ஒரு நூல் சேலை எடுத்துத் தர மனசு வரலையே, காசை எவளுக்குச் சேத்து வைக்கிறான்?"னு அவன் முன்னாடியே கேப்பா. அவன் தட்டைப் பாத்துச் சாப்பிடுவான். நானும் தட்டைப் பாத்துத்தான் சாப்பிடுவேன்.

இதைவிடக் கூத்து ஒண்ணு நடந்துச்சு. போன வருஷம் தையோட இருபது வருஷம் முடியுது. அவ கணக்குப்படி கடைசி நிலை, தலைவாசல். சும்மா விடுவாளா? தெருவையே கூப்பிட்டுட்டா. பெரிய பானையில சர்க்கரைப் பொங்கல். பக்கத்து வீட்டு டீச்சரம்மா வெத்தலை பாக்குத் தட்டோட வந்தாங்க. எல்லாரும் என் கையைப் பிடிச்சு, "கடனை அடைச்சுட்டீங்க, இந்தக் காலத்துல யாரால முடியும்?"ங்கறாங்க. நான் என்ன செய்ய? ஆமா ஆமான்னு தலையை ஆட்டினேன். பூம்பூம் மாடு தோத்துரும். நவநீதன்தான் ஏணி போட்டு ஏறி நிலையில மாவிலை கட்டினான். டீச்சரம்மா அவனை அண்ணாந்து பாத்து, "என்ன தம்பி, கடன் முடிஞ்சிருச்சா?"ன்னு கேட்டாங்க.

"அம்மாவுக்கு முடிஞ்சிருச்சு டீச்சர்"னான்.

எல்லாரும் சிரிச்சாங்க. செண்பகமும்தான் சிரிச்சா. எனக்கு அண்ணாச்சி, என் வீட்டு வாசல்ல, என் தெரு ஆளுங்க மத்தியில, எங்கயாவது எந்திரிச்சு ஓடிரலாமான்னு இருந்துச்சு. எங்க ஓட? மாசம் பொறந்தா பத்தாயிரம் போகணும்ல.

சரி, கோவில்பட்டிக்கு வர்றேன். இதையெல்லாம் ராமலிங்கத்துகிட்டச் சொன்னேன். நிலைக்கதவு விஷயம் சொல்லலை, லோன் விஷயம் மட்டும். மனுசன் நல்லாத்தான் கேட்டுக்கிட்டாரு. "பரவாயில்லை, யாருக்குத்தான் கடன் இல்லை"ன்னாரு. இம்புட்டு நல்ல மனசு இருக்கேன்னு நான் அடுத்ததையும் சொன்னேன். அது நானா யோசிச்சதில்லை. போன தடவை பேங்குக்குப் போனப்ப, மாசத் தவணை குறைய வழி இருக்கான்னு அங்க வேற ஒருத்தரைக் கேட்டேன். இன்னொரு சம்பளக்காரங்க சேந்தா வேற திட்டத்துக்கு மாத்தலாம், வட்டியும் குறையும், வயசு கம்மியா இருந்தா காலமும் கூடும், மாசம் ஏழாயிரத்துச் சொச்சத்துக்கு வந்திரும்னாரு. மூவாயிரம் மிச்சம் அண்ணாச்சி! அதான் ராமலிங்கத்துகிட்டக் கேட்டேன். "நகை வேண்டாம், ரொக்கம் வேண்டாம், பாத்திரம் பண்டம் ஒண்ணும் வேண்டாம். உங்க பொண்ணு ஆஸ்பத்திரியில வேலை பாக்குது, மாசச் சம்பளம் வருது. கல்யாணம் ஆனதும் ஒரே ஒரு கையெழுத்து. அம்புட்டுதான்"னேன்.

எந்த மாப்பிள்ளை வீட்டுலயாவது இப்படிக் கேப்பானா? ஒரு குண்டுமணி தங்கம் கேக்கலை. அந்த மனுசன் முகம் செத்துப் போச்சு. "எத்தனை வருஷத்துக்கு?"ன்னாரு. முப்பதுன்னேன். அப்பப் பாத்து பொம்பளைங்க மாடியில இருந்து இறங்கி வர்றாங்க. அவரு வீட்டம்மா சந்தோஷமா, "பத்து நிலைக்கும் மஞ்சள் வச்சிருக்காங்க பாருங்களேன், கடன் கிடனே இல்லாத வீடாம், நம்ம புள்ளை குடுத்து வச்சவ"ங்குது. ராமலிங்கம் என்னைப் பாத்தாரு. நான் செண்பகத்தைப் பாத்தேன். அவ வாயெல்லாம் பல்லா நிக்கறா. நான் சொன்னது பொய்யா, அவ சொன்னது பொய்யான்னு அவரு கேக்கவே இல்லை. கேட்டிருந்தாலாவது ஏதாவது சொல்லியிருப்பேன். "போன்ல சொல்றோம்"னுட்டு செருப்பை மாட்டிட்டாரு. பழத்தோட வந்த நவநீதன் தெருமுனையிலதான் அவங்களைப் பாத்திருக்கான்.

சாயங்காலம் அவன்கிட்டச் சொன்னேன், இப்படிக் கேட்டேன், அவரு மூஞ்சி மாறிருச்சுன்னு. அவன் சட்டையைக் கழட்டிக் கொடியில போட்டான். அப்புறம், "அந்தப் பொண்ணுகிட்டயும் கையெழுத்துக் கேட்டீங்களாப்பா?"ன்னான். ஆமாடான்னேன். போன்ல அந்தப் பொண்ணு படம் வச்சிருந்தான், எனக்குத் தெரியும், ராத்திரி சாப்பிடும்போது கூட எடுத்து எடுத்துப் பாப்பான். பிடிச்சிருந்துச்சு அவனுக்கு. விடுங்கப்பான்னுட்டு மேல போயிட்டான். அதோட சரி.

இதுதான் நடந்தது. இப்ப உங்களை எதுக்குக் கூப்பிட்டேன்னா, அடுத்த இடம் பாக்கும்போது கொஞ்சம் கவனிச்சுப் பாருங்க. நிறம் எப்படி இருந்தாலும் சரி, உயரம் எப்படி இருந்தாலும் சரி. சம்பளம் பேங்கு வழியா வரணும். வயசு இருபத்தஞ்சுக்குள்ள இருந்தா நல்லது, காலம் கூடக் கிடைக்கும். இந்தத் தடவை பேச்சை நான் பேசலை, நீங்களே பேசுங்க. கையெழுத்துன்னு சொல்லாதீங்க, அதுல பயந்துக்கறாங்க. வீட்டுல பொண்ணு பேரும் வரும்னு சொல்லுங்க. மருமக பேர்ல வீடுன்னா எந்தத் தகப்பனுக்குக் கசக்கும்?

என்ன அண்ணாச்சி, எந்திரிச்சுட்டீங்க? இன்னும் காப்பி கூடக் குடிக்கலையே.

என்ன இது? கவரா? எனக்கா? நான்ல உங்களுக்குக் கமிஷன் குடுக்கணும், நீங்க எனக்கு நீட்டறீங்க?

யாரு? நவநீதனா? எப்ப? இன்னைக்குக் காலையிலயா? பஸ் ஸ்டாண்டு டீக்கடையிலயா? அவன் வேலைக்குல்ல போனான். பொண்ணு பாக்கச் சொல்லி முன்பணம் குடுத்தானாக்கும்? பாத்தீங்களா, அப்பனைவிட அவனுக்கு அவசரம். வச்சுக்கங்க, வச்சுக்கங்க, அதை எதுக்கு எங்கிட்டத் திருப்பித் தர்றீங்க?

என்ன? மறுபடி சொல்லுங்க.

பாக்க வேண்டாம்னா?

தரகருக்குப் பொண்ணு பாக்கக் காசு குடுப்பாங்க. பாக்காம இருக்கறதுக்குக் காசு குடுத்தவனை எந்த ஊர்லயாவது கண்டதுண்டா? உங்களுக்குக் காது சரியாக் கேட்டுச்சா? என்னதான் சொன்னான், அவன் சொன்னதை அப்படியே சொல்லுங்க. மென்னு முழுங்காதீங்க. நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன்.

"அப்பா கூப்பிட்டு விடுவாரு, போங்க, கேளுங்க, சரி சரின்னு சொல்லுங்க. ஆனா ஒரு இடத்தையும் கொண்டு வந்துராதீங்க. உங்க கால்ல விழறேன். இதுல நான் ஒருத்தன் மாட்டினது போதும்."

இப்படியா சொன்னான்? கால்ல விழறேன்னா சொன்னான்? எங்கிட்ட ஒரு நாள் கூட அவன்...

ஒரு கையெழுத்துதானே அண்ணாச்சி. ஒரு பேனா, ஒரு காகிதம். அவனும் அப்படித்தானே போட்டான். போட்டப்ப அவன் அழுதானா? இல்லையே. நான் பக்கத்துலதானே இருந்தேன்.

உக்காருங்க. கொஞ்சம் உக்காருங்க. இதை அவனுக்காகத்தான் கட்டினேன். மாடிப்படி ஒவ்வொண்ணுக்கும் பக்கத்துல நின்னு தண்ணி ஊத்தியிருக்கேன். இந்த வீட்டுல இருந்து ஒரு பொண்ணைக் காப்பாத்தணும்னு என் புள்ளை காசு குடுத்து ஆள் வச்சிருக்கான். என்ன பாவம் பண்ணினேன் நான்?

வாசல் கேட் திறக்கற சத்தம் கேக்குது. அவதான், பையைத் தூக்க முடியாம வருவா. கவரை உள்ள வைங்க, சீக்கிரம். எங்கிட்ட வேண்டாம். சட்டைப் பையில வைங்க, அது உங்க காசு. வாங்கின காசுக்கு அவன் சொன்னபடியே செய்யுங்க. இல்லை அண்ணாச்சி, நான் நினைச்சுத்தான் சொல்றேன். யார் வீட்டுப் பொண்ணும் வேண்டாம். அவகிட்ட மட்டும், தைக்குள்ள நல்ல இடமாப் பாத்துக் கொண்டாறேன் தாயின்னு ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போயிருங்க. வருஷா வருஷம் வந்து சொல்லிட்டுப் போங்க.

வா செண்பகம், பையை இங்க குடு. அண்ணாச்சி இப்பத்தான் வந்தாரு. காப்பியைப் போடு.